பார்க்கவில்லை என்று சொன்னேன்

பதினொரு வருஷம் நான் நீலச் சட்டை போட்டிருந்தேன். இடது மார்பில் சிவப்பு நூலால் ஆளும் கட்சியின் சின்னமான நுகத்தடியும் ஐந்து அம்புகளும் தைத்த சட்டை. அதை வேறு யாரிடமும் தேய்க்கக் கொடுக்கமாட்டேன். கட்சியின் பெண்கள் பிரிவில் நான் மனையியல் ஆசிரியை. துவேரோ ஆற்றங்கரையில் இருந்த எங்கள் ஊரில் என்னை மதிக்காதவர்கள் கிடையாது. பயந்து மதித்தார்களா, விரும்பி மதித்தார்களா என்று அப்போது நான் யோசித்ததில்லை.

கல்யாணமாகாத பெண்கள் எல்லாரும் ஆறு மாதம் எங்கள் பள்ளிக்கு வந்து சேவை முடிக்க வேண்டும். அந்தச் சான்றிதழ் இல்லாமல் பட்டம் வாங்க முடியாது, நிரந்தர வேலை கிடைக்காது, பாஸ்போர்ட் கிடைக்காது. கடைக்காரன் மகளும் டாக்டர் மகளும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து சட்டைக் காலரைத் திருப்பித் தைக்கக் கற்றுக்கொண்டார்கள். ரப்பர் பொம்மையைக் குளிப்பாட்டினார்கள். நான் பாடப் புத்தகத்தைப் பார்த்து உரக்கப் படிப்பேன்: கணவர் வீடு திரும்பும்போது அடுப்பு எரிந்துகொண்டிருக்க வேண்டும், பிள்ளைகள் முகம் கழுவியிருக்க வேண்டும், அவர் பேசி முடிக்கும்வரை உன் குறைகளைச் சொல்லாதே, அவர் முடிவை எதிர்த்துக் கேள்வி கேட்காதே.

இதையெல்லாம் சொல்லிக்கொடுத்த எனக்குப் புருஷன் இல்லை. ஒரு விதவை வீட்டு மாடியில் அறை எடுத்துத் தங்கியிருந்தேன். மதியச் சாப்பாடு மூலைக்கடையில். என் அதிகாரி எர்மினியா, மாவட்டத் தலைவி. மரியாதைக்குத் தோன்யா எர்மினியா என்போம். அவளுக்கும் புருஷன் இல்லை. கறுப்புக் கார் ஒன்றைத் தானே ஓட்டுவாள். ஆளுநர் மாளிகைக்கு போன் போட்டு ஆண்களை அதட்டுவாள். கதவைச் சாத்திக்கொண்டு சிகரெட் பிடிப்பாள். எங்களில் யாராவது கல்யாணம் செய்துகொண்டால் மறுநாளே வேலையை விட்டுப் போய்விட வேண்டும் என்பது விதி. நாங்கள் இரண்டு பேரும் கல்யாணமும் செய்துகொள்ளவில்லை, போகவும் இல்லை.

கசில்தா என் வகுப்புக்கு வந்தது 1951-ல். தொலைபேசி நிலையத்தில் தற்காலிகமாக வேலை பார்த்தாள். நிரந்தரமாவதற்குச் சான்றிதழ் தேவைப்பட்டது. இருபத்திரண்டு வயது, ஒல்லி, வாய் ஓயாது. இரண்டு வார்த்தை கேட்டாலே போதும், போனில் பேசுவது யார், என்ன மனநிலையில் இருக்கிறார் என்று சொல்லிவிடுவாள். குரலை வைத்தே ஊரில் பாதிப் பேரை அவளுக்குத் தெரியும்.

பொம்மையைக் குளிப்பாட்டும் பாடம் நடந்த அன்று கையைத் தூக்கினாள்.

"டீச்சர், ஒரு சந்தேகம்."

"கேளு."

"இந்தக் குழந்தையோட அப்பாவுக்குக் கை இல்லையா?"

வகுப்பே சிரித்துவிட்டது. எனக்கும் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டு, "அவர் வேலைக்குப் போயிருக்காரு" என்றேன்.

"ஞாயித்துக்கிழமையுமா? பாவம், ரொம்ப உழைப்பாளி!"

அவளை எனக்குப் பிடிக்கும். அதைத்தான் முதலில் சொல்லியிருக்க வேண்டும்.

அந்த வசந்தத்தில் அவளுக்கு தலைநகர் மாத்ரித்தின் தொலைபேசி நிலையத்திலிருந்து அழைப்பு வந்தது. பெரிய நிலையம், வெளிநாட்டு இணைப்புப் பலகை. அதே நேரத்தில் தானியக் கிடங்கில் எழுத்தராக இருந்த இலாரியோ அவளைப் பெண் கேட்டான். குடியோ சூதோ கிடையாது. ஞாயிறு தவறாமல் பூசைக்குப் போகிறவன். கல்யாணமானால் அவள் வேலையை விட வேண்டும். தொலைபேசி நிலையத்தின் விதியும் அதுதான், அவன் விருப்பமும் அதுதான்.

கசில்தாவின் அம்மா தெக்லா என்னைத் தேடி வந்தாள். உள்நாட்டுப் போரில் புருஷனை இழந்தவள். அவன் எந்தப் பக்கம் நின்று செத்தான் என்று யாரும் வாய்விட்டுக் கேட்கமாட்டார்கள். அவளும் சொல்லமாட்டாள். கைகள் சோப்பு நீரில் வெந்து சிவந்திருந்தன.

"நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க டீச்சர். நான் சொன்னா எடுத்தெறிஞ்சு பேசுவா. நம்மள மாதிரி குடும்பத்துக்கு இந்த மாதிரி சம்பந்தம் இன்னொரு தடவை வாசப்படி ஏறாது."

நான் சொன்னேன். வகுப்பு முடிந்ததும் கசில்தாவை நிறுத்திவைத்து, பெண்ணுக்கு வேலை என்பது பஸ் நிறுத்தம் மாதிரி, வீடுதான் ஊர் என்று சொன்னேன். எங்கள் பயிற்சி முகாமில் கற்றுக்கொடுத்த வாக்கியம்.

கசில்தா கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டே என்னைப் பார்த்தாள். "அப்ப நீங்க மட்டும் ஏன் டீச்சர் இன்னும் ஸ்டாப்புலயே நிக்கிறீங்க? பஸ்ஸு வரலையா, இல்ல வந்த பஸ்ஸு பிடிக்கலையா?"

"நான் நாட்டுக்குச் சேவை பண்றேன். அது வேற."

"ஓ, வேறயா." கடைசிப் பொத்தானையும் போட்டுக்கொண்டாள். "எனக்கு அந்தப் பலகை முன்னாடி உக்கார்றது பிடிச்சிருக்கு டீச்சர். அவ்வளவுதான். பெரிய காரணம் எதுவும் இல்ல."

"பிடிச்சதெல்லாம் வேணும்னு அடம்பிடிக்கிறது குழந்தைங்க. இலாரியோ நல்ல பையன். அவன் கைய விட்டுட்டா பின்னால வருத்தப்படுவ."

அம்மா அழுதாள், பாதிரியார் பேசினார், நானும் பேசினேன். செப்டம்பரில் கல்யாணம் நடந்தது. சான்றிதழில் 'மிகச் சிறப்பு' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். என் கையால் பூவேலை செய்த மேசைவிரிப்பைப் பரிசாகக் கொடுத்தேன்.

அதன் பிறகு நாலரை வருஷம் அவளைத் தெருவில் பார்ப்பதோடு சரி. கையில் ஒரு பெண் குழந்தை, நெலா. கசில்தா கொஞ்சம் சதை போட்டிருந்தாள். "நல்லா இருக்கியா?" என்றால் "இருக்கேன் டீச்சர்" என்பாள். முன்பெல்லாம் அதோடு ஒரு கேலி ஒட்டிக்கொண்டு வரும். இப்போது வரவில்லை. குடும்பப் பொறுப்பு வந்துவிட்டது என்று நினைத்தேன்.

1956 பிப்ரவரியில் எங்கள் ஊரில் ஆறு உறைந்தது. குழாய்கள் வெடித்தன. மாணவிகள் பாதிப் பேர் வரவில்லை. ஒரு வியாழக்கிழமை பிற்பகல் நான் இஸ்திரி அறையில் தனியாக இருந்தபோது கசில்தா குழந்தையோடு உள்ளே வந்தாள். தலையைச் சுற்றிக் கம்பளித் துண்டு. நெலாவின் ஒரு காலில் காலுறை இல்லை.

"என்னாச்சு?" என்றேன்.

பதில் இல்லை. மறுபடி கேட்டேன். அவள் தலையைத் திருப்பி வலது காதை என் பக்கம் கொண்டுவந்தாள்.

"இந்தப் பக்கம் பேசுங்க டீச்சர். அந்தப் பக்கம் கேக்கல."

துண்டை நான்தான் அவிழ்த்தேன். இடது காதுக்குள் ரத்தம் காய்ந்து கட்டியாக இருந்தது. தாடைக்குக் கீழே விரல்கள் பதிந்த தடம். ரவிக்கையைத் தளர்த்திப் பார்த்தபோது முதுகில் பெல்ட் பட்டையின் கோடுகள் இருந்தன. பழையவை மஞ்சளாகவும் புதியவை கறுநீலமாகவும். வெந்நீரும் பஞ்சும் கொண்டுவந்து துடைத்தேன். மேலே நூறு வாட் பல்பு எரிந்துகொண்டிருந்தது.

"ஃபுளூ காய்ச்சல்ல எங்க எக்ஸ்சேஞ்சுல நாலு பொண்ணுங்க படுத்துட்டாங்க" என்றாள். "மேற்பார்வையாளர் அம்மா ஆள் அனுப்பினாங்க, ரெண்டு மதியம் மட்டும் வந்து உதவுன்னு. அவருகிட்ட கேக்காம போயிட்டேன். கேட்டா விடமாட்டாருன்னு தெரியும். ரெண்டே மதியம் டீச்சர். ஹெட்போன மாட்டினதும் எனக்கு எப்படி இருந்துச்சுன்னு…" நிறுத்திவிட்டாள். "ரெண்டாவது நாள் தெரிஞ்சுபோச்சு. 'எந்தக் காதுல மாட்டுவ'ன்னு கேட்டாரு. சொன்னேன்."

குழந்தை இஸ்திரி மேசைக்கடியில் போய் உட்கார்ந்துகொண்டது. சிக்கரிக் காப்பி போட்டுக் கொடுத்தேன். அவள் குடிக்காமல் கோப்பையைக் கீழே வைத்தாள்.

"கொஞ்ச நாள் இங்க இருக்க முடியுமா? மேல கட்டில் இருக்குல்ல. நான் தைக்கிறேன், பெருக்கறேன், எது சொன்னாலும் செய்றேன்."

என்னால் முடிவெடுக்க முடியாது என்றேன். உண்மைதான். தோன்யா எர்மினியாவிடம் கூட்டிப்போனேன்.

அவள் கடுமையாகப் பேசவில்லை. அதைச் சொல்லத்தான் வேண்டும். கசில்தாவைத் தன் நாற்காலியில் உட்காரவைத்தாள், கணப்பை அவள் காலருகே தள்ளினாள், அலமாரியிலிருந்து சீமைமாதுளை அல்வாவை எடுத்து நெலாவுக்கு வெட்டிக் கொடுத்தாள். "அழாதம்மா, எல்லாம் சரியாயிடும்" என்றாள். பிறகு பக்கத்து அறைக்குப் போய்த் தானியக் கிடங்குக்கு போன் செய்தாள். கசில்தாவின் இடது காது அந்தக் கதவுப் பக்கம் இருந்தது. எனக்குக் கேட்டது. நான் கணப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இலாரியோ அரை மணி நேரத்தில் வந்தான். தொப்பியைக் கழற்றி வணக்கம் சொன்னான். தோன்யா எர்மினியா அவனைப் பக்கத்து அறையில் வைத்து வாங்கு வாங்கென்று வாங்கினாள். அவன் கண் சிவக்க வெளியே வந்து குழந்தையைத் தூக்கிக்கொண்டான்.

கசில்தா எழுந்து நின்றாள். என்னை மட்டும்தான் பார்த்தாள். "நீங்க போன் பண்ணச் சொன்னீங்களா?" என்றாள்.

"இல்ல" என்றேன்.

"ஆனா தெரியும்."

அவர்கள் போனதும் தோன்யா எர்மினியா சிகரெட் பற்றவைத்தாள்.

"அழுதுட்டான்" என்றாள். "இனிமே செய்யமாட்டான்."

"மறுபடி செஞ்சா?"

"மறுபடி வருவா. மறுபடி பேசுவோம். குடும்பம்னா அப்படித்தான்."

அவள் மறுபடி எங்களிடம் வரவில்லை. பத்து நாள் கழித்துக் குழந்தையோடு தெக்லா வீட்டுக்குப் போய்விட்டாள். கல்யாண வழக்குகளைத் திருச்சபைதான் விசாரிக்கும் என்பதால், பிரிந்து வாழ அனுமதி கேட்டு ஆயர் இல்லத்து நீதிமன்றத்தில் மனுப் போட்டாள். கொடுமை நடந்ததற்குச் சாட்சி வேண்டும் என்றார்கள். தெக்லா தாய், அவள் சொல் எடுபடாது. டாக்டர் 'கீழே விழுந்ததால் ஏற்பட்ட காயம்' என்று எழுதிக் கொடுத்திருந்தார். சாட்சிப் பட்டியலில் கசில்தா ஒரே ஒரு பெயர்தான் கொடுத்திருந்தாள். என் பெயர்.

சம்மன் வந்த அன்று தோன்யா எர்மினியா என்னைக் கூப்பிட்டாள். மேசையில் ஒரு கடிதம். எங்கள் ஆடல் பாடல் குழு மே மாதம் பெல்ஜியம் போவதாக இருந்தது. பொறுப்பாளராக என்னைச் சிபாரிசு செய்திருந்தாள். நான் அதுவரை கடலைக்கூடப் பார்த்ததில்லை.

"பொய் சொல்லச் சொல்லல லியோனிசா" என்றாள். "நீ பாத்தத மட்டும் சொல்லு. அவன் அடிச்சத நீ பாத்தியா?"

"காயத்தப் பாத்தேன்."

"அடிச்சதப் பாத்தியா?"

"இல்ல."

"அவ்வளவுதான். இதுக்கு மேல என்ன இருக்கு? நம்ம பிரிவு ஆளு ஒருத்தி போயி ஒரு குடும்பத்தப் பிரிச்சு வச்சான்னு நாளைக்கு ஊர் பேசினா, நம்மகிட்ட எவன் பொண்ண அனுப்புவான்?"

மார்ச் ஆறாம் தேதி போனேன். நீலச் சட்டை போட்டுக்கொண்டுதான். நீண்ட அறை, நீதிபதியாக ஒரு வயதான பாதிரியார், பக்கத்தில் எழுத்தர். கசில்தா இடதுபுறம் ஒரு நாற்காலியில் இருந்தாள், பக்கத்தில் வக்கீல். சிலுவை மேல் கை வைத்துச் சத்தியம் செய்தேன்.

"கணவர் மனைவியை அடித்ததை நீங்கள் நேரில் பார்த்தீர்களா?"

"பார்க்கவில்லை."

அங்கேயே முடிந்துவிடும் என்று நினைத்திருந்தேன். பாதிரியார் காகிதத்தைப் புரட்டிவிட்டு அடுத்த கேள்வியைக் கேட்டார். "மனுதாரர் உங்கள் பள்ளிக்கு வந்த அன்று அவர் உடலில் காயங்கள் எதையாவது பார்த்தீர்களா?"

இந்தக் கேள்விக்கு எனக்கு யாரும் பதில் தயார்செய்து கொடுக்கவில்லை. கசில்தா தலையைத் திருப்பி, கேட்கிற காதை என் பக்கம் வைத்தாள். கழுத்தைச் சற்று முன்னால் நீட்டி, தொலைபேசிப் பலகை முன் உட்கார்ந்திருப்பவள் மாதிரி கவனமாகக் காத்திருந்தாள்.

"இஸ்திரி அறையில் வெளிச்சம் போதாது" என்றேன். "பார்க்கவில்லை."

எழுத்தர் எழுதிக்கொண்டார். கையெழுத்துப் போட்டேன். வெளியே வரும்போது அவளைக் கடந்துதான் வர வேண்டியிருந்தது. திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் வக்கீலிடம், "என்ன சொன்னாங்க? எனக்குச் சரியா விழல" என்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

மனு தள்ளுபடியானது. கணவன் வீட்டுக்குத் திரும்பச் சொன்னார்கள். அவள் திரும்பவில்லை. மூன்று வயது தாண்டிய பிள்ளை தகப்பனுக்கு என்பது சட்டம். ஏப்ரலில் இலாரியோ இரண்டு காவலர்களோடு வந்து நெலாவைக் கூட்டிப்போய்த் தன் அக்கா வீட்டில் விட்டான். கசில்தா பார்க்கப் போனால் கதவு திறக்கமாட்டார்கள் என்று கேள்விப்பட்டேன்.

சந்தையில் தெக்லாவைப் பார்த்தேன். ஒதுங்கிப் போகப் பார்த்தேன், அவள் வழியை மறித்து நின்றாள். கூடையில் நாலு உருளைக்கிழங்கு இருந்தது.

"நான்தான் உங்க கால்ல வந்து விழுந்தேன், அவளுக்குச் சொல்லுங்கன்னு" என்றாள். "தப்பு என்னோடது. அதுல உங்களச் சொல்லல. ஆனா அந்த ரத்தத்த நீங்கதானே தொடச்சீங்க? அவ என்கிட்ட சொன்னா. 'டீச்சர் தண்ணிய ரெண்டு தடவ மாத்தினாங்கம்மா, அவ்வளவு பொறுமையா தொடச்சாங்க'ன்னு. ஒரு பொம்பளையால எப்படிங்க முடியுது?"

சுற்றி ஆட்கள் நின்றார்கள். நீலச் சட்டையைப் பார்த்ததும் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்கள்.

மறுநாள் வகுப்பில், கணவர் முடிவை எதிர்த்துக் கேள்வி கேட்காதே என்ற வரிக்கு வந்ததும் புத்தகத்தை மூடிவிட்டேன். சளி என்று சொல்லிப் பெண்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டு நேராக அதிகாரி அறைக்குப் போனேன்.

"நான் பொய் சொல்லிட்டேன் தோன்யா எர்மினியா. திருத்தப் போறேன்."

அவள் எழுந்து கதவைச் சாத்தினாள். ஜன்னல் பக்கம் போய் நின்றாள்.

"என் தங்கச்சிக்கு முன்பல்லு ரெண்டு கிடையாது" என்றாள். "தடுக்கி விழுந்தான்னு ஊருல சொல்லி வச்சிருக்கோம். ராத்திரியோட ராத்திரியா என்கிட்டதான் ஓடி வந்தா. காலையில நானே கார்ல கொண்டுபோய் அவன் வீட்டுல விட்டேன். எனக்கு ஒண்ணும் தெரியாதுன்னு நெனைக்கிறியா?"

"தெரிஞ்சுமா?"

"தெரிஞ்சுதான். இந்த நாற்காலி, அந்தக் கார், உன் சம்பளம், உன் பெல்ஜியம், இதெல்லாம் எதுக்குக் குடுத்திருக்காங்க? நீ கெட்டிக்காரின்னா? மத்த பொம்பளைங்கள வீட்டுல உக்கார வைக்கிறோம்ல, அதுக்கு. அத நிறுத்தினா அடுத்த நாளே நம்மளயும் வீட்டுக்கு அனுப்புவானுங்க. உனக்கும் எனக்கும் எந்த வீடு இருக்கு, சொல்லு?"

அவள் சொன்னது பொய்யில்லை என்று எனக்குத் தெரியும். ஏன் இன்னும் ஸ்டாப்பிலேயே நிற்கிறீர்கள் என்று ஐந்து வருஷத்துக்கு முன் கசில்தா விளையாட்டாகக் கேட்டதற்கு இதுதான் பதில். இதை மறைத்துவிட்டுத்தான் சேவை என்று சொல்லியிருந்தேன்.

"போறேன்" என்றேன்.

"போனா சட்டையக் கழட்டி வச்சிட்டுப் போ."

ஆயர் இல்லத்தில் அதே பாதிரியார் நான் எழுதிக் கொண்டுபோனதை இரண்டு முறை படித்தார். "சத்தியம் பண்ணிட்டு மாத்திப் பேசறீங்க. பொய்ச் சாட்சின்னு முதல் வழக்கு உங்க மேலதான் வரும், புரியுதா?" என்றார். புரிகிறது என்றேன். "யாராவது மிரட்டினாங்களா?" என்றார். எர்மினியாவின் பெயரைச் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. "இல்ல ஃபாதர், நானேதான் சொன்னேன்" என்றேன். காதுக்குள் இருந்த ரத்தக்கட்டி, தாடைக்குக் கீழே விரல் தடம், முதுகுக் கோடுகள், அவற்றின் நிறம், மேலே எரிந்த பல்பு எல்லாவற்றையும் வரிசையாகச் சொல்லிக் கையெழுத்துப் போட்டேன்.

வழக்கு என் மேல் வரவில்லை. வேலை போனது. வேறு எந்தப் பள்ளியும் என்னை எடுக்கவில்லை. நூல்கண்டு, பொத்தான், ரிப்பன் விற்கும் கடை ஒன்றில் விற்பனையாளாகச் சேர்ந்தேன். விதவை வீட்டு அறையைக் காலிசெய்யச் சொன்னார்கள், செய்தேன். குழு பெல்ஜியம் போய் வந்தது. புகைப்படம் செய்தித்தாளில் வந்தது.

கசில்தாவின் மேல்முறையீடு இரண்டு வருஷம் இழுத்தது. என் வாக்குமூலத்தை முதலில் ஏற்க மறுத்தார்கள், பிறகு ஏற்றார்கள். 1958 இலையுதிர் காலத்தில் பிரிந்து வாழ அனுமதி வந்தது. குற்றம் கணவன் பேரில். நெலாவைத் தாயிடம் ஒப்படைக்கச் சொன்னார்கள். அப்போது அவளுக்கு ஆறு வயது. அத்தையை அம்மா என்று கூப்பிடப் பழகியிருந்தாள்.

செய்தி கேட்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர்கள் வீட்டுக்குப் போனேன். கசில்தா கதவைத் திறந்தாள், ஆனால் விலகி வழிவிடவில்லை. முழங்கைவரை சோப்பு நுரை. தொலைபேசி நிலையத்தில் ஒரு காது கேளாதவளை எடுக்கவில்லை. அம்மாவோடு துணி வெளுத்துக்கொண்டிருந்தாள். நான் அவள் வலது பக்கமாக நகர்ந்து நின்றேன்.

"மன்னிச்சிருன்னு கேக்கத்தான் வந்தேன்."

அவள் கையைப் பாவாடையில் துடைத்தாள். "அன்னைக்கு நீங்க சொல்லியிருந்தா குழந்தை என்னை விட்டுப் போயிருக்காது டீச்சர். அப்புறமா நீங்க சொல்லாம இருந்திருந்தா திரும்பி வந்திருக்கவும் மாட்டா. ரெண்டும் எனக்குத் தெரியும். ரெண்டுல ஒண்ணு மட்டும் ஞாபகம் இருந்தா எனக்கும் சுலபமா இருக்கும். அப்படி இல்லையே, என்ன பண்றது?"

உள்ளே நெலா எதற்கோ அழ ஆரம்பித்தாள். "எங்க அம்மாகிட்ட போகணும்" என்று அழுதாள். கசில்தா உள்பக்கம் ஒரு முறை திரும்பிப் பார்த்தாள்.

"அழுகைய நிறுத்த ஒரு மணி நேரம் ஆகும்" என்றாள். "நீங்க கிளம்புங்க. இன்னைக்கு வேண்டாம்."

'இன்னைக்கு' என்றாளே என்று நினைத்துக்கொண்டே படி இறங்கினேன். அதற்குப் பிறகு இரண்டு முறை போனேன். ஒரு முறை கதவு திறக்கவில்லை. இன்னொரு முறை தெக்லா மட்டும் இருந்தாள். நாற்காலி போட்டுவிட்டுத் துணி மடிக்கப் போய்விட்டாள். நெலா பள்ளிக்கூடம் சேர்ந்தபோது அவள் சீருடைக்கு வெள்ளைப் பொத்தான் வாங்க கசில்தா எங்கள் கடைக்கு வந்தாள். எட்டு பொத்தான் எடுத்துக் கொடுத்தேன். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "இது சீக்கிரம் ஒடஞ்சிரும், வேற காட்டுங்க" என்றாள். வேறு பெட்டியை எடுக்க ஏணியில் ஏறினேன்.